கஞ்சி குடித்தவள்

பாரிசின் ரூ லூயி-பிளாங் தெருவில் பால் விடாத நல்ல பிளேன்ரீ கிடைப்பது கஷ்டம். சாயம் தூக்கலாக ஊற்றுவது ஒரே ஒரு கடைதான். அதன் பின்மேசையில் உட்கார்ந்துதான் அகதி விண்ணப்பக்காரர்களுக்குக் கதை எழுதிக் கொடுத்தேன்.

அதற்கு முன்பு நான் சோவியத் திரைக்கதாசிரியன். யாழ்ப்பாணத்திலிருந்து 1974இல் புலமைப்பரிசிலில் மொஸ்கோ போய்ப் படித்து, தாஷ்கண்டில் ஒரு ஸ்டூடியோவில் பன்னிரண்டு வருடம் எழுதினேன். எழுதியதையெல்லாம் முதலில் ஒரு குழு வாசிக்கும். பருத்தி பறிக்கிற பெண்ணைப் பற்றி எழுதினால், அவளைச் சிரிக்க வைக்கச் சொல்லும். வைத்தேன். நாலு படம் வந்தது. ஒன்றில்தான் என் பெயர் இருந்தது, அதுவும் எழுத்துப்பிழையோடு. நாடு கலைந்ததும் ஸ்டூடியோவைப் பூட்டினார்கள். பாரிசுக்கு வந்து கோப்பை கழுவினேன். என்ன நடந்தது என்பதைவிட அது யார் முகத்தில் நடக்கிறது என்பதே முக்கியம். ஸ்டூடியோவில் கற்றதில் இது மட்டும் மிஞ்சியது.

2010இல் நாகேஸ்வரி வந்தாள். முள்ளிவாய்க்காலில் அவள் கஞ்சிக்கு வரிசையில் நின்ற நேரம், மகளை விட்டுவந்த பங்கரில் ஷெல் விழுந்திருக்கிறது. செத்த பிள்ளையை மடியில் கிடத்திக்கொண்டு அந்தக் கஞ்சியைக் குடித்தாளாம். பசித்ததாம். பஸ் நேரம் சொல்வதுபோலச் சொன்னாள். கண் கலங்கவில்லை.

அப்படியொரு வரியை யாராலும் கற்பனை செய்ய முடியாது. அவளிடம் அது வீணாகப் போகிறதே என்றுதான் எனக்குக் கவலை.

அதே வாரம் லக்சிகா வந்தாள். கொழும்பில் வளர்ந்தவள், போரைக் கண்டதில்லை. ஆனால் அவளுக்கு அழ வரும். கஞ்சியை அவளுக்கு எழுதினேன். மூன்று தடவை ஒத்திகை பார்த்தோம்.

"அண்ணை, இது உண்மையா ஆருக்கும் நடந்ததோ?"

"இல்லைப் பிள்ளை. நான் யோசிச்சது."

அவளுக்கு அகதி அட்டை கிடைத்தது. நாகேஸ்வரியின் நேர்காணல் அடுத்த மாதம், அதே அலுவலகத்தில். நிராகரிப்புக் கடிதத்தை வாசித்துச் சொல்லும்படி என்னிடமே கொண்டுவந்தாள். பிறரிடம் கேட்டு மனனம் செய்த கதை என்று அதில் இருந்தது. ஆதாரம் போதாதாம் என்று மொழிபெயர்த்தேன்.

"நான் உள்ளதைத்தானே சொன்னனான் அண்ணை. கஞ்சி குடிச்சதைக்கூட வெக்கத்தை விட்டுச் சொன்னனான்."

"ஓம் தங்கச்சி."

மேன்முறையீட்டையும் நான்தான் எழுதினேன். உண்மையைச் சொல்லும் ஒரு வரி போதும், அவள் தப்பியிருப்பாள். அதை எழுதியிருந்தால் லக்சிகாவின் அட்டை போயிருக்கும். பிறகு யாரும் என் மேசைக்கு வந்திருக்க மாட்டார்கள். அடுத்த வருடம் நாகேஸ்வரியைக் கொழும்புக்கு ஏற்றினார்கள். இறங்கிய இடத்திலேயே யாரோ கூட்டிக்கொண்டு போனதாகக் கேள்வி. அதற்குப் பிறகு செய்தி இல்லை.

களைத்துவிட்டேன், அதனால்தான் சொல்கிறேன். எடுத்துக் கொடுத்தவனும் நான், மறைத்தவனும் நான். தெரிந்தே செய்தேன். ஆனால் ஒன்றையும் எழுதிக்கொள்ளுங்கள்: பங்கரில் செத்த அந்தப் பிள்ளைக்காக அதிகாரி பேனையை வைத்துவிட்டு அழுதாராம், லக்சிகா சொன்னாள். நாகேஸ்வரி முதலில் போயிருந்தால், அந்தப் பிள்ளை செத்ததை யார் நம்பியிருப்பார்கள்?