நாற்பது நொடி நீல விளக்கு

வாசகர்களே, ஓர் அநீதிக்கு உங்களைச் சாட்சியாக அழைக்கிறேன். கடைக்குப் போய் ஒரு பொருளை வாங்குகிறோம். இடைவிடாத இணைப்பு என்று பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் அச்சிட்டிருக்கிறார்கள். வீட்டில் கொண்டுவந்து மாட்டினால், காலை பத்து நாற்பதுக்கு அது கண்ணை மூடிக்கொள்கிறது. பத்து நாற்பத்து நான்குக்குத் திறக்கிறது. மறுபடி மூடுகிறது. கேட்டால், அணைத்துவிட்டு மீண்டும் போடுங்கள் என்கிறார்கள். இதை நீங்களும் அனுபவித்திருப்பீர்கள். பல்லைக் கடித்துக்கொண்டு பழகியிருப்பீர்கள். நான் பழகவில்லை. பழகிப்போவதுதான் அடிமைத்தனத்தின் முதல் படி என்று முப்பது ஆண்டுகளாக மேடையில் சொல்லிவந்தவன் நான்.

என்னை அறிந்தவர்கள் என்னைப் 'பேச்சாளர்' என்றுதான் அழைப்பார்கள். 'பூட்டை உடையுங்கள்' என்ற என் துண்டறிக்கை ஏழு பதிப்பு கண்டது. பெண் படிக்க வேண்டும், பெண் சம்பாதிக்க வேண்டும், பெண் தன் வாசலைத் தானே திறக்க வேண்டும் என்று எழுதினேன். அதில் ஒரு சொல்லையும் இன்றும் திரும்பப் பெற மாட்டேன்.

எங்கள் வீடு நான்காம் மாடி. கூடத்தில் புத்தக அலமாரி, அதன் உச்சியில் உள்ளங்கை அளவு வெள்ளைக் கேமரா, வாசலில் அதோடு பேசும் பூட்டு. இரண்டும் ஒரே பெட்டியில் வந்தவை. என் கைப்பேசியில் ஒரு பொத்தானைத் தொட்டால் பூட்டு திறக்கும், தொடாவிட்டால் உள்ளிருந்தும் திறக்காது. அவசரத்துக்கு ஒரு பித்தளைச் சாவி கொடுத்திருந்தார்கள். அது தொலைந்துவிடக் கூடாது என்பதற்காக என் சட்டைப்பையில் வைத்திருந்தேன். கேமராவின் நெற்றியில் நீல விளக்கு எரிந்தால் இணைப்பு இருக்கிறது என்று பொருள். சிவப்பு எரிந்தால் இல்லை.

வீட்டில் நானும் என் மகளும். இருபத்தாறு வயது. பாப்பா என்றுதான் கூப்பிடுவேன். அவளுக்கு ஒன்பது வயதானபோது அவளுடைய அம்மா வீட்டை விட்டுப் போனாள். அன்று நான் பெண் விடுதலை மாநாட்டில் பேசிக்கொண்டிருந்தேன். திரும்பி வந்தபோது கதவு திறந்து கிடந்தது. பிளாஸ்கில் எனக்கான தேநீர் சூடாக இருந்தது. அந்தச் சூடுதான் இன்றுவரை என்னை அச்சுறுத்துகிறது. ஒருத்தி போவதற்கு ஒரு பிளாஸ்க் தேநீர் ஆறும் நேரம்கூட வேண்டியதில்லை என்று அன்று கற்றேன்.

மூன்று ஆண்டுகளுக்கு முன் பாப்பாவுக்கு வெளியூரில் வேலை கிடைத்ததாகக் கடிதம் வந்தது. அந்த வாரம்தான் கேமராவை வாங்கினேன். அவள் அழவில்லை, சண்டை போடவில்லை. அலமாரியை நிமிர்ந்து பார்த்து, "வீட்டுல மாமியார் இல்லாத குறை தீர்ந்துச்சு" என்றாள். நான் சிரித்தேன். நகைச்சுவை உணர்வு என்னிடமிருந்து வந்தது. அதன் பிறகு அவள் வீட்டிலிருந்தபடியே என் துண்டறிக்கைகளுக்குப் பிழை திருத்தினாள். மேடைப் பேச்சுகளையும் அவளே தட்டச்சு செய்தாள். கேமராவைப் பார்த்து மட்டும் அவள் ஒரு நாளும் பேசியதில்லை.

இப்படியிருக்க, சென்ற மாதம் சிவப்பு விளக்கு எரியத் தொடங்கியது.

அச்சம் என்றால் என்னவென்று உங்களுக்குத் தெரியுமா என்று எனக்குத் தெரியாது. அச்சகத்தில் நின்றுகொண்டிருப்பேன், கைப்பேசி அதிரும், 'சாதனம் இணைப்பில் இல்லை' என்ற வரி தோன்றும். எதிரே மெய்ப்புத் தாளை நீட்டிக்கொண்டிருப்பவரின் வாய் அசையும், சொல் கேட்காது. நான்கு நிமிடம். பிறகு நீலம் வரும், கூடம் தெரியும், அவள் மேசையில் குனிந்து என் சொற்களுக்கு ஒற்று போட்டுக்கொண்டிருப்பாள். அப்போதுதான் மூச்சு வரும்.

நிறுவனத்துக்குத் தொலைபேசினேன்.

"முப்பது செகண்ட் ஆஃப் பண்ணிட்டு ஆன் பண்ணுங்க சார்."

"பண்ணிட்டேன்."

"இப்ப ப்ளூ லைட் எரியுதா சார்?"

"எரியுது."

"அப்ப சரியாயிடுச்சு சார்."

"நாளைக்கு பத்து நாப்பதுக்கு மறுபடி போகும்ப்பா."

"போனா நாளைக்குக் கூப்பிடுங்க சார். நாங்க எங்க போயிடப் போறோம்."

கையேட்டில் சொன்னபடி ஒவ்வொன்றாகச் செய்தேன். வைஃபை பெட்டியைச் சன்னலுக்கு அருகில் வைத்தேன், பிறகு உயரத்தில் வைத்தேன். கடவுச்சொல்லை மாற்றினேன். கேமராவைக் கைப்பேசியிலிருந்து நீக்கி முதலிலிருந்து இணைத்தேன். ஒரு நோட்டில் நேரங்களைக் குறித்துவைத்தேன். நான் வீட்டில் இருக்கும் ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் இணைப்பு அறுவதே இல்லை. அதுதான் நோட்டிலிருந்து நான் கற்ற முதல் பாடம்.

பிறகு நிறுவனத்திலிருந்து பழுது பார்ப்பவள் வந்தாள். முதுகில் கருவிப்பை, முப்பது வயதிருக்கும், சுறுசுறுப்பானவள். கைப்பேசியால் கதவைத் திறந்து அவளை உள்ளே விட்டேன், பின்னால் அது தானாகப் பூட்டிக்கொண்டது. அந்தச் சத்தத்துக்கு அவள் திரும்பிப் பார்த்தாள். பிறகு பாப்பாவைப் பார்த்தாள்.

"எப்பல்லாம் கட் ஆகுதுங்க?"

"அப்பாவைக் கேளுங்க. அது அவர் விஷயம்" என்றாள் பாப்பா.

பழுது பார்ப்பவள் அலைவரிசையை அளக்கும் கருவியோடு கூடத்தைச் சுற்றினாள், சமையலறைக்குள் போனாள். அங்கே பழைய மைக்ரோவேவ் அடுப்பு ஒன்று இருந்தது. பாப்பாவின் அம்மா விட்டுப்போன பொருள்களில் மிஞ்சியது அது ஒன்றுதான். கதவு சரியாக மூடாது. உள்ளே ஒரு கோப்பைத் தண்ணீர் மட்டும் இருந்தது. அவள் அதை நெடுநேரம் பார்த்தாள். வெளியே வந்து என்னிடம், "சுவர்ல கம்பி ஜாஸ்தி சார். சிக்னல் அப்படித்தான் இருக்கும், ஒண்ணும் பண்றதுக்கில்ல" என்றாள். வாசலில் செருப்பை மாட்டும்போது, "சாவியை உள்பக்கம் ஆணியில மாட்டி வைங்க சார். ஆபத்து அவசரம்னா யாருக்கும் கை ஓடாது" என்றும் சொன்னாள்.

சரி என்றேன். நான் முட்டாள் அல்ல. முகம் பார்த்துப் பொய்யைப் படிப்பது பேச்சாளனுக்குத் தொழில்.

மறுநாள் அச்சகத்துக்குக் கிளம்பி, போகாமல், எங்கள் மாடிப்படியிலேயே உட்கார்ந்தேன். பத்து நாற்பதுக்குக் கைப்பேசி அதிர்ந்தது. எழுந்து கதவில் காது வைத்தேன். அடுப்பு உறுமிக்கொண்டிருந்தது. அந்தப் பழைய அடுப்பு ஓடும்போதெல்லாம் அதன் அலை கசிந்து வந்து கேமராவின் காதை அடைத்துவிடுகிறது. நான் மூன்று வாரம் தேடிய காரணம் ஒரு கோப்பை வெந்நீர்.

எங்கள் சமையலறைச் சன்னலுக்கும் பக்கத்து வீட்டுத் தையல்காரம்மாவின் சன்னலுக்கும் இடையே கை எட்டும் தூரம்தான்.

"உங்க மாமியார் தூங்கிட்டாங்களா?" இது தையல்காரம்மா.

"தூங்கிட்டாங்க அக்கா. போனைக் குடுங்க."

பிறகு பாப்பா பேசினாள். அந்தக் குரலை நான் பதினேழு ஆண்டுகளாகக் கேட்டதில்லை. ஒன்பது வயதுக் குரல்.

"அம்மா, நாலு நிமிஷம்தான், அப்புறம் திருப்பிப் போடணும். கேளு. நேத்து கேமரா பாக்க வந்த அக்கா போகும்போது காதுல சொல்லிட்டுப் போனாங்க. முப்பது நிமிஷம் விடாம நெட் இல்லேன்னா பூட்டு தானா திறந்துக்குமாம், பாதுகாப்புக்காக அப்படி வச்சிருக்காங்களாம். வியாழக்கிழமை அப்பாவுக்கு மேடை இருக்கு. நீ பத்தரைக்கெல்லாம் கீழ வந்து நில்லு." சிறிது நேரம் கேட்டாள். "பயமா இருக்கும்மா. இல்ல, அடிக்கல்லாம் மாட்டார். பாத்துக்கிட்டே இருப்பார்."

நான் படியில் வந்து உட்கார்ந்தேன். பயமாக இருக்கிறது என்று அவள் சொன்னாள், என் பயத்தைக் கேட்க அந்தக் கட்டடத்தில் யாரும் இல்லை.

அன்று மாலை கையேட்டைக் கடைசிப் பக்கம்வரை படித்தேன். பழுது பார்ப்பவள் சொன்னது உண்மைதான். 'இணைப்பு அறுந்தால் முப்பது நிமிடத்தில் பூட்டு திறக்கும்' என்பது அவர்கள் வைத்தனுப்பிய ஏற்பாடு. மாற்ற விரும்பினால் மாற்றிக்கொள்ளலாம். 'இணைப்பு வரும்வரை பூட்டியே இருக்கும்' என்று மாற்றினேன். உறுதியாகத்தானா என்று கைப்பேசி கேட்டது. உறுதி என்றேன்.

அடுப்பின் கையேடும் அதே இழுப்பறையில் இருந்தது. பத்து நிமிடத்துக்கு மேல் தொடர்ந்து ஓட்டக்கூடாது, தண்ணீர் வற்றிய பாத்திரத்தோடு ஓட்டினால் தீப்பிடிக்கலாம் என்று ஆறாம் பக்கத்தில் எழுதியிருந்தது. அதையும் படித்தேன்.

பிற்பாடு என் வாக்குமூலத்தை எழுதிக்கொண்ட விசாரணை அதிகாரி இந்த இடத்தில்தான் பேனாவைக் கீழே வைத்தார். மரியாதையான மனிதர்.

"ஐயா, உங்க பேச்சைக் கேட்டுட்டு எங்கப்பா என் தங்கச்சியைக் காலேஜுக்கு அனுப்பினாரு. அதனால கேக்குறேன். அந்த அடுப்பை எடுத்துத் தெருவுல போட்டிருக்கலாமே, ஏன் போடல?"

"அது அவங்க அம்மா ஞாபகம். அதைப் பிடுங்க எனக்கு மனசு வரல" என்றேன்.

அவர் அதை எழுதிக்கொண்டார். எழுதியபின் என்னைப் பார்க்கவில்லை.

வியாழக்கிழமை பெண்கள் கல்விக் கழகத்தின் ஆண்டுவிழா. மேடையில் எனக்கு நடுநாற்காலி. பத்து நாற்பதுக்குச் சிவப்பு விளக்கு எரிந்ததாகக் கைப்பேசி சொன்னது. பதினொன்று பத்துக்கு முப்பது நிமிடம் முடிந்தது. அவள் கைப்பிடியைத் திருகியிருப்பாள். திறந்திருக்காது. நிமிடங்களை எண்ணத் தவறிவிட்டோம் என்று நினைத்து அடுப்பை மறுபடி முடுக்கியிருப்பாள். கோப்பையில் அப்போது தண்ணீர் இருந்திருக்காது. இவை என் ஊகம். ஆனால் அவளை நான் வளர்த்தேன், என் ஊகம் தப்பாது.

பதினொன்று பதினெட்டுக்குத் தையல்காரம்மா அழைத்தார்.

"ஐயா, உங்க வீட்டு அடுப்பங்கரையில புகையா வருது. பாப்பா இருமுது. சன்னல்ல கம்பி போட்டு வச்சிருக்கீங்க, கைதான் உள்ள போகுது. அந்தச் சாவி எங்க ஐயா இருக்கு?"

"இணைப்பு இல்லம்மா. வந்ததும் திறக்கிறேன்" என்றேன். அது பொய்யல்ல. சட்டைப்பையில் சாவி என் நெஞ்சோடு ஒட்டியிருந்தது. அப்போது என் பெயரைச் சொல்லி ஒலிபெருக்கி அழைத்தது.

பேச எழுந்தேன். கைப்பேசியைக் குறிப்புத் தாளின் பக்கத்தில் வைத்துக்கொண்டேன். பாப்பா தட்டச்சு செய்து கொடுத்த பேச்சு. ஒரு பிழையில்லை. அடைத்த கதவுக்குப் பின்னால் அறிவு வளராது, அச்சம்தான் வளரும் என்ற வரிக்கு வந்தேன். பதினொன்று இருபத்து நான்கு. அடுப்பு எரிந்து செயலிழந்திருக்க வேண்டும். அதன் அலை நின்றது. அந்த நொடியில் நீல விளக்கு எரிந்தது.

வாசகர்களே, நான்கு கோடும் நிறைந்த இணைப்பு. மூன்று ஆண்டுகளில் அவ்வளவு தெளிவான படத்தை நான் கண்டதில்லை. சமையலறையிலிருந்து கரும்புகை கூடத்துக்கு வந்துகொண்டிருந்தது. பாப்பா ஈரத்துணியை மூக்கில் அழுத்திக்கொண்டு அலமாரிக்கு முன் வந்து நின்றாள். தோளில் பை. முதன்முறையாகக் கேமராவைப் பார்த்துப் பேசினாள்.

"அப்பா, நீல லைட் எரியுது. நீங்க பாக்குறீங்க. கதவைத் திறங்க."

வெளியே யாரோ கதவை வெறுங்கையால் அறைந்தார்கள். அவளுடைய அம்மா. மேலே வந்துவிட்டிருக்கிறாள்.

திறக்கும் பொத்தான் என் கட்டை விரலுக்குக் கீழே இருந்தது. திறந்தால் அவள் போய்விடுவாள். அதை அவளும் புரிந்துகொண்டாள். என் மகள் அறிவுள்ளவள். பையைத் தோளிலிருந்து இறக்கினாள், கேமராவுக்குத் தெரியும்படி உயர்த்திக் காட்டித் தரையில் வைத்தாள்.

"பாருங்க, பையை வச்சுட்டேன். நான் எங்கயும் போகலப்பா. கதவை மட்டும் திறங்க."

மேடையில் நான் அசையாமல் நின்றேன். அந்த மௌனத்தைப் பேச்சின் உத்தி என்று எண்ணி மண்டபம் கைதட்டியது. நான் படத்தை மேலிருந்து கீழாகப் பார்த்தேன். பை தரையில் இருந்தது. ஆனால் செருப்பு அவள் காலில் இருந்தது.

நான் பொத்தானைத் தொடவில்லை.

நாற்பது நொடி. பிறகு வைஃபை பெட்டியின் கம்பி எரிந்திருக்கும், சிவப்பு வந்தது. நான் விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்ந்து முடித்தேன். தீயணைப்புக்காரர்கள் பதினொன்று ஐம்பதுக்குக் கதவை வெட்டித் திறந்தார்கள். நல்ல உருக்குக் கதவு, நானே பார்த்துப் பார்த்து வாங்கியது. பாப்பா கதவுக்குப் பக்கத்தில் மூச்சில்லாமல் கிடந்தாளாம். அவளுடைய அம்மாவை இரண்டு பேர் பிடித்துக்கொண்டிருந்தார்களாம்.

நான் எதையும் மறைக்கவில்லை. ஏற்பாட்டை மாற்றியது நான், ஆறாம் பக்கத்தைப் படித்தது நான், சாவி வைத்திருந்தது நான், நாற்பது நொடியும் பார்த்தது நான். இதை ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டிருக்கிறேன்.

ஆனால் உங்களிடம் ஒன்று கேட்கிறேன். நான்கு கோடும் நிறைந்திருந்த இணைப்பு ஏன் அறுந்தது? இடைவிடாத இணைப்பு என்று பெட்டியின் மேல் அச்சிட்டவர்கள் இதற்குப் பதில் சொல்ல வேண்டாமா? எழுந்திருங்கள். அந்த நிறுவனத்துக்கு எழுதுங்கள், அதன் வாசலில் போய் நில்லுங்கள். இன்னும் ஒரு நிமிடம் கிடைத்திருந்தால் பாப்பா செருப்பையும் கழற்றியிருப்பாள், நானும் திறந்திருப்பேன். அந்த ஒரு நிமிடத்தை என் மகளிடமிருந்து பறித்தது யார் என்று கேளுங்கள். பதில் வரும்வரை விடாதீர்கள்.