கடலோர மரத்தில் கட்டிய தொட்டில்

சாயங்காலம் நாலு மணி இருக்கும். நம் ஊர் நாலு மணி இல்லை... ஜப்பான் நாலு மணி. ஒரு பக்கம் பாறை, ஒரு பக்கம் கடல், நடுவில் ஓர் ஆள் மட்டும் போகக்கூடிய பாதை. முன்னால் போனவர்கள் வளைவில் மறைந்துவிட்டார்கள். பின்னால் யாரும் இல்லை. அந்தப் பாதையில் நம் அரியலூர்க்காரன் ஒருவன் தன்னந்தனியாக நின்று, ஷூவுக்குள் புகுந்த கல்லைத் தட்டிக்கொண்டிருந்தான்.

சிரிக்காதீர்கள். ரயில் இன்னும் இரண்டு மணி நேரம் தாமதம் என்று இப்போதுதான் சொல்லிவிட்டுப் போனார்கள். ஸ்டேஷனில் விளக்கும் போய்விட்டது. பெட்டிகளை நகர்த்திவிட்டு நெருக்கி உட்காருங்கள். பேய் என்றால் நடுராத்திரி சுடுகாட்டுப் பக்கம்தான் வரும் என்று நினைக்கிறவர்கள் தூங்கலாம். இது பட்டப்பகலில் நடந்தது. கூடவே போயிருந்த அங்கமுத்து என் சகலையின் தம்பி, பெரம்பலூர்க்காரன். பொய் சொன்னால் அடுத்த நிமிஷமே மாட்டிக்கொள்கிற ஆள்.

கல்லைத் தட்டியவன் பெயர் வீரமுத்து. இங்கே ஒரு சிமெண்ட் ஆலையில் பிட்டர். எண்பத்தொன்றாம் வருஷம் அந்த ஆலைக்கு ஜப்பானிலிருந்து புதுச் சூளை வாங்கினார்கள். அதை ஓட்டப் பழகி வர மூன்று மாதத்துக்கு இரண்டு பேரை அனுப்பினார்கள். பிட்டர் வீரமுத்து ஒருவன், எலெக்ட்ரீஷியன் அங்கமுத்து ஒருவன்.

வீரமுத்துவுக்குக் கல்யாணமாகி ஒன்பது வருஷம். பிள்ளை இல்லை. பெண்டாட்டி லீலாவதி மீன்சுருட்டியில் பிறந்தவள். அந்தச் சுற்றுவட்டாரத்தில் அவள் தொட்டில் கட்டாத கோயில் மரம் கிடையாது. பழைய சேலையைக் கிழித்துச் சின்னத் தொட்டிலாக முடிவாள். உள்ளே பிள்ளைக்குப் பதில் ஒரு கூழாங்கல்லைப் போட்டுக் கிளையில் கட்டி, ஆட்டிவிட்டு வருவாள். வீரமுத்துவின் தாய் கொளஞ்சியம்மாள் பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, விக்கிரமங்கலத்தில் வேறு பெண் பேசிவிட்டாள். மகன் ஜப்பானிலிருந்து திரும்பியதும் பரிசம். வேண்டாம் என்று சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. அம்மாவை எதிர்த்துப் பேசிப் பழகாத பிள்ளை. ஆனால் லீலாவதி இல்லாத வீட்டை அவனால் நினைத்துக்கூடப் பார்க்க முடியவில்லை. அவள்மேல் அவனுக்கு அவ்வளவு பிரியம்.

இதே பிளாட்பாரத்தில்தான், ரயில் நகரும் நேரத்தில், ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அவள் கேட்டாள்.

"நீங்க வரதுக்குள்ள நானே எங்கம்மா வூட்டுக்குப் போயிரட்டுங்களா? வந்து என் மூஞ்சியப் பாத்துச் சொல்ற கஷ்டம் உங்களுக்கு வேணாம்."

ரயில் போய்விட்டது.

அங்கே இருந்த கடைசி ஞாயிற்றுக்கிழமை, சூளைக் கம்பெனிக்காரர்கள் இருவரையும் கடலோர நடைக்கு அனுப்பிவைத்தார்கள். அங்கே அப்படி ஓர் ஏற்பாடு உண்டு. பத்துப் பதினைந்து பேராகச் சேர்ந்து கடலை ஒட்டியே நடப்பது. வழியில் வரும் கோயில்களைக் கும்பிடுவது. கோயிலுக்குக் கோயில் ஒரு கடையில் நின்று, அந்த ஊர்க் கடலில் பிடித்ததைத் தின்று பார்ப்பது. வழிகாட்டி ஓகாவா என்ற பெரியவர். கையில் மஞ்சள் கொடி. பேச்சு பாதி இங்கிலீஷ், பாதி கைஜாடை.

முதல் கோயிலுக்குச் சிவப்புச் சாயம் அடித்த மர வாசல், கதவே கிடையாது. கயிற்றை இழுத்து மணியடித்து, இரண்டு தரம் கைதட்டிச் சாமியைக் கூப்பிடவேண்டும். தேங்காய் எங்கே உடைப்பது என்று கேட்டு அங்கமுத்து பெரியவரைத் திணறடித்தான். வெளியே வந்தால் சங்கு மாதிரி ஒரு நத்தை, ஓட்டோடு கரியடுப்பில். மேலே கறுப்பாக ஒரு சாற்றை ஊற்றினார்கள்... சொய்ங். அங்கமுத்து நாலு தின்றான். அடுத்த கோயிலில் சுட்ட கணவாய். அதற்கடுத்ததில் வெயிலில் காய்ந்த நெத்திலி. நம் சந்தைக் கருவாட்டுக்குப் பக்கத்தில் வைக்க முடியாது என்று குறை சொல்லிக்கொண்டே அதையும் அவன் விடவில்லை. வீரமுத்து மட்டும் எதிலும் ஒட்டவில்லை. இன்னும் ஒரு வாரத்தில் ஊர். ஊரில் பரிசம்.

மூன்றாம் கோயிலைத் தாண்டியதும்தான் அந்த வளைவு. அங்கே வந்ததும் ஓகாவா கொடியைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். உதட்டில் விரல் வைத்துக் காட்டினார். கூட வந்த எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டு வேகமாக நடந்தார்கள். வீரமுத்துவுக்குக் காலில் கல் குத்தியது அப்போதுதான்.

தட்டிவிட்டு நிமிர்ந்தான்... பாதைக்குக் கீழே ஒரு குடைவு. அதற்குள் வரிசையாகக் கல்லில் குழந்தைகள். முழங்கால் உயரம். மொட்டைத் தலை, மூடிய கண், ஒவ்வொன்றின் கழுத்திலும் சிவப்புத் துணி. முன்னால் பொம்மைகள், மிட்டாய், காகிதக் காற்றாடிகள். தரையெல்லாம் கூழாங்கற்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வைத்திருந்தது. ஊதுவத்தி வாசனை. அதற்கு அடியில் அழுகின பாசி வாசனை.

அவனுக்கு உடம்பு சிலிர்த்தது. பயத்தில் இல்லை, சந்தோஷத்தில். நீங்களாக இருந்தால் என்ன நினைத்திருப்பீர்கள்? பிள்ளை வரம் கொடுக்கிற சாமிக்கு, வேண்டுதல் பலித்தவர்கள் துணி சாத்துவார்கள், பொம்மை வைப்பார்கள். இங்கே இத்தனை துணி, இத்தனை பொம்மை. இந்தச் சாமி கொடுக்காதவர்களே இல்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டான்.

குடைவுக்கு இறங்கிப் போய், கைக்குட்டையை எடுத்துத் தொட்டிலாக முடிந்தான். அடுக்கியிருந்த கற்களில் உச்சியில் இருந்த ஒன்றை எடுத்து உள்ளே போட்டான். எடுத்ததும் அந்த அடுக்குச் சரிந்தது... கலகல. குடைவின் வாயிலில் வளைந்து நின்ற மரத்தில் தொட்டிலைக் கட்டினான். கைகூப்பி, வாய்விட்டே கேட்டான்.

"ஆணோ பொண்ணோ, எது வந்தாலும் சரி, சாமி. என்கூட அனுப்பி வையி. எங்க வூட்டுப் புள்ளயா வச்சுக்கறோம். லீலாவதிய அம்மான்னு கூப்பிட்டாப் போதும்."

தொட்டிலை ஒரு தரம் ஆட்டிவிட்டான். ஆடியது. நின்றது. காற்று இல்லை, காற்றாடி ஒன்றுகூடச் சுற்றவில்லை. பிறகு தொட்டில் தானாக மறுபடி ஆட ஆரம்பித்தது. கிறீச்... கிறீச்... கிளை கீழே தாழ்ந்தது. ஒரு கூழாங்கல்லுக்குக் கிளை அவ்வளவு தாழாது. அவனோ அதை நல்ல சகுனம் என்று எடுத்துக்கொண்டு, கும்பிட்டுவிட்டு மற்றவர்களைப் பிடிக்க ஓடினான்.

கடைசிக் கோயிலுக்குப் பக்கத்தில் சாப்பாட்டுக் கடை. பாயில் உட்கார வைத்து, குட்டை மேசையில் ஆளுக்கு ஒரு முழு மீனாகக் கடைக்காரி வைத்துக்கொண்டே வந்தாள். வீரமுத்துவிடம் வந்ததும் நின்றாள். அவனுக்குப் பக்கத்தில் காலியாகக் கிடந்த இடத்தைப் பார்த்துச் சிரித்தாள். உள்ளே போய் ஒரு சின்னத் தட்டோடு வந்தாள். அதில் முள்ளெல்லாம் எடுத்து, விரலால் நசுக்கிக் குழைத்த மீன். இரண்டு வயசுப் பிள்ளைக்கு ஊட்டுகிற பதம். தனக்குத்தான் என்று அவன் கையை நீட்டினான். அவள் செல்லமாக அவன் கையை விலக்கிவிட்டு, தட்டைக் காலி இடத்துக்கு முன்னால் வைத்தாள்.

ஓகாவா சூப்புக் கிண்ணத்தை அப்படியே கீழே வைத்துவிட்டார். வழியில் எங்கே நின்றாய் என்று கேட்டார். வீரமுத்து பெருமையாக எல்லாவற்றையும் சொன்னான். பெரியவர் முகம் வெளுத்துப் போனது. அவர் சொன்னதை அங்கமுத்து இன்றைக்கும் வரி மாறாமல் சொல்வான். அது பிள்ளை கொடுக்கும் சாமி இல்லை. கடல் கொண்டுபோன பிள்ளைகளுக்காகப் பெற்றவர்கள் வைத்த கற்கள். அந்தப் பிள்ளைகள் அங்கேயே கல் அடுக்கி விளையாடிக்கொண்டு, யாராவது கூப்பிடுவார்கள் என்று காத்திருக்கின்றன. யார் கூப்பிட்டாலும் வந்துவிடும். அதனால்தான் அந்த இடத்தில் ஒருவரும் வாய் திறப்பதில்லை.

மூன்று பேரும் திரும்பி ஓடினார்கள். தொட்டில் முடிச்சு அவிழாமல் அப்படியே இருந்தது. துணி நனைந்திருந்தது. உள்ளே கல் இல்லை. கடைக்குத் திரும்பி வந்து பார்த்தால், அந்தச் சின்னத் தட்டும் காலி.

ஊருக்கு வந்தபோது லீலாவதி அம்மா வீட்டுக்குப் போகாமல் இங்கேயேதான் இருந்தாள். பரிசம் போடுவதற்குள், மறுமாதமே அவளுக்கு நாள் தள்ளிப்போனது. கொளஞ்சியம்மாள் தானே விக்கிரமங்கலம் போய்ப் பேச்சை நிறுத்திவிட்டு வந்தாள். மருமகளைத் தரையில் கால் வைக்க விடவில்லை. வீரமுத்து ஜப்பானில் நடந்ததைப் பற்றி மூச்சு விடவில்லை. பெண் குழந்தை. உண்ணாமலை என்று பெயர் வைத்தார்கள். பிறந்த பிள்ளையைக் குளிப்பாட்டிய தண்ணீரின் அடியில் மணல் தங்கியிருந்தது என்று மருத்துவச்சி கிருஷ்ணம்மாள் மட்டும் சொன்னாள். அந்தச் சந்தோஷத்தில் அதை யாரும் காதில் வாங்கவில்லை.

நல்ல பிள்ளை. முதல் பேச்சே அம்மா. லீலாவதி சிரிப்பதைப் பார்த்து வீரமுத்துவும் சிரித்தான், நாலு வருஷம். பிறகு ஒருநாள் காலையில் பிள்ளையின் பாவாடை ஓரம் நனைந்திருந்தது. உள்ளே தாழ்ப்பாள் போட்ட வீடு. மறுநாளும் ஈரம். முகர்ந்து பார்த்தான்... பாசி வாசனை. இங்கிருந்து கடல் எவ்வளவு தூரம் என்று உங்களுக்கே தெரியும்.

அவனால் தாங்க முடியவில்லை. ஒரு மத்தியானம் லீலாவதியை உட்கார வைத்து எல்லாவற்றையும் கொட்டிவிட்டான். அவள் பருப்புப் புடைப்பதை நிறுத்தாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"தெரியும்ங்க. தூக்கத்துல பெத்தவளத் தேடி அழுவுது. பேச்சு புரியலன்னாலும் அழுவ புரியாதா எனக்கு? கையப் புடிச்சுக் கூட்டிகிட்டுப் போறேன்னு சொல்லியிருக்கேன். என்னை அம்மான்னு கூப்புடற புள்ளகிட்ட முடியாதுன்னு எப்படிங்க சொல்றது?"

எங்கே என்று கேட்டான். அவள் முறத்தைத் தட்டிவிட்டு எழுந்து போய்விட்டாள்.

மறுநாள் காலை பிள்ளையின் பாவாடை காய்ந்திருந்தது. லீலாவதியின் சேலை கணுக்கால் வரை நனைந்திருந்தது.

அடுத்த மாதம் முழங்கால் வரை. வீரமுத்து கதவுக்குக் குறுக்கே படுத்துப் பார்த்தான். கொளஞ்சியம்மாள் கோயில் கோயிலாகப் போய் மந்திரித்த கயிறு வாங்கி வந்தாள். ஈரம் இடுப்புக்கு ஏறியது. அவள் மணிக்கட்டையும் தன் மணிக்கட்டையும் சேர்த்து வேட்டித் துணியால் கட்டிக்கொண்டு படுத்தான். விடிந்தபோது முடிச்சு அவிழவில்லை. முடிச்சு சொட்டச் சொட்ட நனைந்திருந்தது... அவன் பக்கம் மட்டும் ஈரமில்லை. போய்விடுவாயோ என்று அவளைக் கட்டிக்கொண்டு அழுதிருக்கிறான். காலையில் வந்துவிடுகிறேனே என்கிறாளாம்.

இந்த வருஷத் தண்ணீர்ப் பஞ்சம் உங்களுக்குச் சொல்லவேண்டியதில்லை. அவர்கள் தெருவில் கிணறு வற்றி, குடிப்பதற்கே லாரித் தண்ணீர்தான். லாரி வந்து நாலு நாள் ஆகியிருந்தது. போன வியாழக்கிழமை விடியற்காலை அங்கமுத்து அங்கே போயிருந்தான். வீரமுத்து வாசற்படியில் உட்கார்ந்திருந்தான், இவனை நிமிர்ந்து பார்க்கவில்லை. அங்கமுத்து கொல்லைப்பக்கம் போனான். லீலாவதி நின்றுகொண்டிருந்தாள். பிள்ளையைத் தோள்மேல் உட்கார வைத்திருந்தாள். பிள்ளைமேல் ஒரு சொட்டு ஈரம் இல்லை.

லீலாவதி தலைமுடியைப் பிழிந்துகொண்டிருந்தாள்.