இறங்கும் ஸ்டாப்

— அது சரிம்மா, முதுகுளத்தூர் பக்கம்னா எந்தப் பக்கம்?

— வெயில் அடிக்கிற பக்கம் சார்.

— விளையாடாத. இது இன்டர்வியூ.

— அதைத்தான் சார் நானும் தேடுறேன். வந்து இருபது நிமிசம் ஆச்சு. இறால்ல கிருமி இருக்கான்னு பாக்குற லேப் வேலைக்கு வந்திருக்கேன். மைக்ரோபயாலஜி படிச்சிருக்கேன். இறாலைப் பத்தி ஒரு கேள்விகூட வரலை.

— வரும், வரும். உமாமகேஸ்வரி... நல்ல பேரு. யாரு வச்சது?

— பள்ளிக்கூடத்து டீச்சர். உங்க பேரும் நல்ல பேருதான். வெளிய போர்டுல பாத்தேன். வேல்ராஜ், ஆபீஸ் மேனேஜர். யாரு வச்சது சார்?

— எங்க அய்யா.

— அவரு பேரு?

— ஏம்மா... கேள்வி நான்தான் கேப்பேன்.

— கேளுங்க, கேளுங்க.

— முதல் பட்டதாரி சர்டிபிகேட் வச்சிருக்க. சாதிச் சர்டிபிகேட்?

— தனியார் கம்பெனிக்கு அது எதுக்கு?

— இல்ல... அதெல்லாம் நாங்க கேக்கக் கூடாதுதான். சும்மா... குலதெய்வம் எது?

— ஓ... அதைக் கேக்கக் கூடாதுன்னுதான் இதைக் கேக்குறீங்களா?

— ஒரு பழக்கத்துக்குக் கேக்குறதும்மா. சரி, உங்க ஊர்ல மிளகாய் மண்டி வீரபத்திரன்னு ஒருத்தர்... தெரியுமா?

— தெரியும். எதிர்ல வந்தா வணக்கம் சொல்லுவோம்.

— அவரு திருப்பிச் சொல்லுவாரா?

— அடேயப்பா! இது ரொம்ப நாள் கேட்டுக் கேட்டுப் பழகின கேள்வி மாதிரியில்ல இருக்கு.

— பதில் சொல்லு.

— அவரு கையில எப்பவும் போன் இருக்கும் சார்.

— ம்... டீயைக் குடி. ஆறுது.

— உங்களுக்கு எவர்சில்வர் டம்ளர், எனக்குப் பேப்பர் கப்பு. ஃபாரம் நிரப்புனாத்தான் டம்ளரா?

— வர்றவங்களுக்கு முதல் நாள் அப்படித்தான்.

— ரெண்டாம் நாள்?

— ...தெருப் பேரு எழுதலையே நீ.

— எங்க ஊர்ல தெருவுக்குப் பேரு கிடையாது. தபால்காரர் ஆளைப் பாத்துத்தான் குடுப்பாரு. சார், இந்தக் கடைசிக் கட்டம்... ‘கம்பெனியில் தெரிந்தவர் பெயர், உறவுமுறை’. இதுக்கு என்ன எழுத?

— கோடு போட்டு விட்டுரு.

— கோடு வேணாம். காலியாவே கிடக்கட்டும். யாராச்சும் தெரியவந்தா எழுதிக்கலாம்.

— வாயி... சரி, எந்த ஸ்டாப்புல இறங்குவ? கம்பெனி வேன் வந்து ஏத்தணும்ல.

— முதுகுளத்தூர் வரைக்குமா வேன் வருது?

— இப்ப இல்ல. பின்னாடி வரலாம்.

— வராத வேனுக்கு ஸ்டாப்பு! எங்க ஊருக்கு ரெண்டு ஸ்டாப்பு சார். முதல்ல ஊர் ஸ்டாப்பு. அதுக்கு அங்கிட்டு ஒரு கிலோமீட்டர் தள்ளி காலனி ஸ்டாப்பு.

— ரெண்டுல எது உனக்கு?

— எழுதிட்டேன். பாருங்க.

— காலனி... சரிம்மா. நீ கிளம்பு. பாத்துட்டுச் சொல்லி அனுப்புறோம்.

— இன்னும் என்னத்தைப் பாக்கணும்? இறாலையா?

— இங்கன ஒரு முறை இருக்கும்மா...

— சட்டமும் இருக்கு சார். சாதியைப் பாத்து ஒரு ஆளை வேலைக்கு வரவிடாமத் தடுத்தா வன்கொடுமைத் தடுப்புச் சட்டம். ஆறு மாசத்துலேர்ந்து அஞ்சு வருசம் உள்ள இருக்கலாம்.

— மிரட்டுறியா? என்மேல கேசு போடுவியா நீ?

— உங்க மேலயா? சேச்சே. போட முடியாது. வக்கீல் ஜுவைரியா அக்காகிட்ட விசாரிச்சுட்டுத்தான் வாரேன்.

— ஏன் முடியாது?

— அந்தச் சட்டம் எஸ்.சி. ஆளு மேல பாயாதாம். என்ன சார், ஏசி ஓடுது, உங்களுக்கு வேர்க்குது?

— மெதுவாப் பேசு. கண்ணாடிக்கு அங்கிட்டு முதலாளி உக்காந்திருக்காரு.

— நாம பேசுறது கேக்குமா?

— கேக்காது. மூஞ்சி தெரியும். சிரி.

— நீங்க முதல்ல சிரிங்க. சனிக்கிழமை சாயங்கால பஸ்ஸுல, பின் சீட்டுல, உங்க ஸ்டோர்கீப்பர் அய்யப்பன் இருப்பாரு. எங்களுக்கு அடுத்த ஊர்க்காரரு. அவரு பாத்துறக் கூடாதுன்னு, அதே பஸ்ஸுல இருந்து இன்னொருத்தர் ஊர் ஸ்டாப்புல இறங்குவாரு. பஸ்ஸு கண்ணுக்கு மறையுற வரைக்கும் டீக்கடையில நிப்பாரு. பெறகு கம்மாய்க்கரை வழியா காலனிக்கு நடை. ஒம்போது வருசமா! மழைக்காலத்துல பேன்ட்டை மடிச்சுவிட்டு, ஷூவைக் கையில தூக்கிக்கிட்டு...

— போதும்.

— சிரிங்க சார். பாக்குறாரு.

— சிரிச்சுக்கிட்டுத்தான் இருக்கேன்.

— உள்ள வந்தப்பவே என்னைத் தெரியும்ல? தெரிஞ்சுக்கிட்டே எங்கிட்டக் குலதெய்வம் கேட்டீங்க.

— நான் கேக்கலைன்னா அவரு கேப்பாருத்தா. நான் கேட்டா, பதிலையும் நானே எழுதிக்கலாம். பாக்கிங்ல மூணு பொண்ணுங்க, ஐஸ் ரூம்ல ஒருத்தன். நாலு பேருக்கும் ஊர் ஸ்டாப்புன்னு எழுதித்தான் உள்ள விட்டிருக்கேன். இன்னிக்கு வரைக்கும் ஒருத்தருக்கும் தெரியாது. இந்தா, வேற ஃபாரம்.

— அப்ப அந்த நாலு பேரும் ஷூவைக் கையில தூக்கிக்கிட்டு நடக்குறாங்க.

— வேலை இருக்குல்ல?

— ஷூவைக் காலுல போடுறதுக்குத்தான் சார் வேலைக்கு வாறது.

— ஏத்தா, மூணு இடத்துல வேலை இல்லைன்னு திருப்பி அனுப்பியிருக்காங்க உன்னை. இதுவும் போச்சுன்னா வீட்ல கல்யாணப் பேச்சை எடுத்துருவாங்க. ஒரு பொய்தானே? எழுதித் தொலையேன்.

— மாட்டேன். இதே ஃபாரத்தை உள்ள கொண்டு போங்க. வேலை இல்லைன்னா முதலாளியே அவரு வாயால சொல்லட்டும். அவரு மேல சட்டம் நல்லாப் பாயும்.

— கேசுன்னு வந்தா சாட்சி வேணுமே... இந்த ரூம்ல நான் ஒருத்தன்தானே இருக்கேன்?

— ஆமா. சொல்லுவீங்களா? இல்ல, எந்திரிச்சுப் போயிரவா?

— உக்காரு. அந்தக் கடைசிக் கட்டம் காலியா கிடக்கு பாரு. வேல்ராஜ்னு எழுது. நல்லாத் தெரியுற மாதிரி எழுது. பக்கத்துல உறவுமுறை கேட்டிருக்கு... சித்தப்பான்னு எழுது.