முப்பது தடவை கரைச்சது

உக்காருங்க தம்பி, டாக்டர் உள்ள போன் பேசிட்டிருக்காரு. பாப்பா தோள்லயே தூங்கட்டும். வலிப்பா? மாத்திரைய எப்ப நிறுத்துனீங்க? நேத்தா. சபாஷ்.

சேச்சே, கிண்டல் இல்ல. நான் பெயிண்ட் கடைக்காரன், எனக்குத் தொழில் பொறாமை. டப்பாவுல அரை டம்ளர் தண்ணி கூட ஊத்தினா என் சட்டையப் பிடிப்பாங்க. இந்த ஹோமியோபதி டாக்டரு ஒரு சொட்டு மருந்துக்குத் தொண்ணூத்தொம்பது சொட்டுத் தண்ணி விடறாரு. அதுல ஒரு சொட்டெடுத்து, திரும்பத் தொண்ணூத்தொம்பது. இப்படி முப்பது தடவை. இவரக் கும்பிடறாங்க.

ரொம்பப் பொடிசா உள்ள இருக்குமா? எவ்வளவு பொடிசுன்னுதானே மனுசங்க முன்னூறு வருசத்துக்கு மேல மண்டைய உடைச்சிருக்காங்க. ஒருத்தர் தேவாலயத்துல ஒரு துண்டு சாம்பிராணியக் கொளுத்தி, வாசனை எட்டுன இடத்தையெல்லாம் வச்சு, அந்தத் துண்டுக்குள்ள எத்தனை துகள்னு கணக்குப் போட்டாரு. இன்னொருத்தர் குளத்துல ஒரு ஸ்பூன் எண்ணெய ஊத்தினாரு. அரை ஏக்கருக்குப் பரவிச்சு. அந்த மாதிரி எண்ணெய் எந்த அளவு மெலியும்னு பின்னால வந்தவங்க பாத்தாங்க. ஒத்த மூலக்கூறு கனம், அதோட நின்னுடும். அதுக்கு மேல யார் கெஞ்சினாலும் மெலியாது. பெறகு ஒரு பள்ளிக்கூட வாத்தியாரு வெறும் காத்த வச்சே அளந்து சொன்னாரு. இப்ப எண்ணிக்கையே இருக்கு தம்பி. ஒரு மடக்குத் தண்ணியில, ஆறு போட்டு இருபத்திமூணு சைபர் மூலக்கூறு.

பெருசுதான். ஆனா நம்மாளு கரைக்கறது, ஒண்ணு போட்டு அறுபது சைபர் மடங்கு. மருந்துல ஒரே ஒரு மூலக்கூறு வேணும்னா பூமி அளவு புட்டி வாங்கணும், அதுவும் பத்தாது. இவரு கட்டைவிரல் அளவுலயே தர்றாரு. பெரிய மனசு.

நான் எதுக்கு வந்தேனா? புட்டி வாங்கத்தான். மாசாமாசம் வர்றேன்.

ஓ, அந்தம்மா சொல்லித்தான் வந்தீங்களா. தைராய்டுல முகமெல்லாம் வீங்கிப் படுத்திருந்தவங்க, ஆஸ்பத்திரி மாத்திரையத் தூக்கிப் போட்டுட்டு, இந்தச் சொட்டுலயே எழுந்து நடமாடறாங்க, தெருத்தெருவா சொல்லிட்டு வர்றாங்க, அவங்கதானே? நெசந்தான். இன்னிக்குக் காலையிலகூட என்னை நல்லாத் திட்டுனா.

ஆமா, என் சம்சாரம்தான்.

தினம் விடிஞ்சதும் அவ கிண்ணத்துல இந்தச் சொட்ட விட்டு, அவ தூக்கிப் போட்ட மாத்திரையப் பொடிச்சு அதுல கலக்கறவன் நான்தான். ஆஸ்பத்திரியில எழுதிக் கொடுத்த அதே அளவு. புட்டிக்குள்ள ஒண்ணும் இல்லைங்கற தைரியத்துலதான் கலக்கறேன்.

டோக்கன இங்க குடுங்க. பாப்பா மாத்திரை வீட்டுல மிச்சம் இருக்கில்ல?