அல்லிக்காக மோட்டாரை நிறுத்திய அக்காவுக்கு

நீரேற்று நிலையத்தின் நெருப்பே! மூன்று ஷிப்டையும் அதிரவைத்த முழக்கமே! மோட்டாரின் முனகலைக் கேட்டே அதன் நோவறியும் முதுநிலை இயக்குநரே! தங்களைவிட வயதில் மூத்தவர்களுக்கும் அக்காவாகிவிட்ட அக்காவே! வணக்கம்.

"பொறுமையின் சிகரம், புன்னகையின் பிறப்பிடம்னு ஏதாவது எழுதினீங்க, மேடையிலயே கிழிச்சுப் போட்டுருவேன்" என்று தாங்கள் எச்சரித்தீர்கள். எச்சரித்திருக்கவே வேண்டாம். பொய் புகலும் மனநிலையில் நாங்களும் இல்லை. தாங்கள் கோபக்காரர், அந்தக் கோபத்தைக் கொண்டாடவே இந்தப் பணி ஓய்வு மடல். அது எதற்கு வந்த கோபம் என்பதைப் புதிதாக வந்திருப்போரும் அறியவேண்டும். ஆகவே இவர் கதையைச் சபையோர்க்குச் சொல்கிறோம்.

இவர் வாழ்க்கைப்பட்ட வீடு ஏரிக்கரையில் இருக்கிறது. நாத்தனார் நீரில் இறங்கி நீல அல்லி எடுப்பவர். அந்தச் செடியில் வீசியெறிய அந்த வீட்டாருக்கு எதுவுமில்லை. தண்டை நார் உரித்துச் சமைப்பார்கள். விதையை வறுத்துப் பொடிப்பார்கள். கிழங்கு வேகும் வாசனைக்குப் பிள்ளைகள் அடுப்படியை விட்டு நகர மாட்டார்கள். உடல் சூட்டுக்கும் நீர்க்கடுப்புக்கும் கஷாயம் வைப்போருக்காக, பூவை நிழலில் உலர்த்தி மருந்துக்கடையில் கொடுப்பார்கள். அவித்த கிழங்கு டிபன் பாக்ஸில் ஏறி நம் நிலையத்துக்கும் வரும். "மோட்டாருக்கு ஆயில், உங்களுக்கு இது. மூஞ்சியைச் சுளிக்காம தின்னுங்க" என்பார் இவர். தின்றோம், கொழுத்தோம்.

அலுவலகக் கோப்பில் அல்லியின் பெயர் களை. உறிஞ்சுகுழாயின் வலையில் தண்டு சிக்குகிறதாம். கையால் வாரிவிடுகிறோம் என்று நாங்கள் சொன்னது எவர் காதிலும் ஏறவில்லை. களைக்கொல்லி அடிக்க உத்தரவிட்டார் அன்றைய பொறியாளர்.

மருந்துப் படகு வந்தபோது, பெண்கள் கழுத்தளவு நீரில் நின்று காலால் சேற்றைத் துழாவிக் கிழங்கு எடுத்துக்கொண்டிருந்தார்கள். "கரையேறுங்க" என்று ஒரு குரல் கொடுக்கக்கூட அந்தப் படகில் நாதியில்லை. அடித்துவிட்டுப் போய்விட்டது. முகம் வெந்து, கண்ணிரண்டும் வீங்கி, இருவர் தாங்கிப்பிடிக்க நம் வாசலுக்கு வந்தார் நாத்தனார். நாங்கள் குடிக்க வைத்திருந்த தண்ணீரையெல்லாம் ஊற்றி முகத்தைக் கழுவி, ஆஸ்பத்திரிக்கு ஏற்றிவிட்டு, நம் அக்கா உள்ளே போனார். மோட்டாரை நிறுத்தினார். சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார்.

நகரத்துக் குழாய்கள் காற்று வாங்கின. பொறியாளர் பறந்து வந்தார்.

"ஊருக்கே தண்ணி இல்லம்மா! சாவியைக் கொடு!"

"விஷத்தை ஏத்தி ஊருக்கு அனுப்ப மாட்டேன்."

"அது விஷம் இல்ல. செடியைத்தான் கொல்லும், ஆளை ஒண்ணும் பண்ணாது."

"அப்படின்னா ஆஸ்பத்திரிக்கு வாங்க சார். என் நாத்தனார் கண்ணு திறக்கல. இதையே அவ மூஞ்சிக்கு நேரா சொல்லுங்க. சொல்லிட்டீங்கன்னா சாவி உங்களுக்கு."

அவர் போகவில்லை. அன்று மாலையே படகு ஏரியை விட்டு ஏறியது. மறுநாள் லாரித் தண்ணீர் ஊருக்கு வந்தது. ஏரி நீரைச் சோதித்துச் சரியென்ற பிறகே மோட்டார் ஓடியது.

இதற்குப் பரிசாக இவரைப் பண்டகசாலைக்குத் தூக்கியடித்தார்கள். மோட்டாரோடு பேசிய வாய், போல்ட்டுக்கும் நட்டுக்கும் நடுவே ஆண்டுக்கணக்கில் மூடிக்கிடந்தது. பதவி உயர்வு அந்தப் பக்கம் எட்டியும் பார்க்கவில்லை. ஓட்ட ஆளில்லாமல் தவித்த பிறகுதான் திரும்ப அழைத்தார்கள். வருத்தம் என்று ஒரு சொல் எவர் வாயிலிருந்தும் வரவில்லை. முன்வரிசையில் அமர்ந்திருக்கும் நாத்தனாருக்கு இடக்கண்ணில் இன்றும் பார்வை மங்கல்தான்.

அக்கா! அன்றைய பொறியாளர் இன்று தலைமைப் பொறியாளராகி, தங்களுக்குச் சால்வை போர்த்த இம்மேடையில் வீற்றிருக்கிறார். அழைப்பிதழில் தங்களை "இயற்கையின் காவலர்" என்று அச்சிட்டிருக்கிறார். அதே ஏரிக்கு, அதே மருந்தை, நாளைக் காலை முதல் அடிக்க உத்தரவும் போட்டிருக்கிறார். தாங்கள் எப்போது வீட்டுக்குப் போவீர்கள் என்று காத்திருந்திருக்கிறார்! "நல்ல நாளும் அதுவுமா இதெல்லாம் எதுக்குப்பா, எடுத்துடுங்க" என்றார் இந்த வரிகளை முன்பே படித்த மேலாளர். எடுக்கவில்லை. கண்ணாடிச் சட்டம் போட்டே கொண்டுவந்திருக்கிறோம்.

தலைமைப் பொறியாளர் ஐயா அவர்களே! படகு ஏரியில் இறங்கினால் மோட்டார் நிற்கும். எந்த ஷிப்டில் இறங்கினாலும் நிற்கும். பண்டகசாலையில் எங்கள் அத்தனை பேருக்கும் இடமிருக்கிறதா என்று இப்போதே பார்த்து வையுங்கள்.

அருமை அக்காவே! முட்டிவலியும் சர்க்கரையும் தங்கள் அதட்டலுக்கு அஞ்சி ஓட, பேரன் பேத்திகள் அஞ்சாமல் மடியேற, உண்டு உறங்கி உரக்கப் பேசி நெடுங்காலம் வாழ்க! வீட்டுக்குப் போனதும் இரண்டு குடம் தண்ணீர் பிடித்து வையுங்கள். நாளை குழாயில் வராது.

இங்ஙனம்,
நீரேற்று நிலையத்தின் மூன்று ஷிப்டு ஊழியர்கள்