குற்றவாளி பைராகி பாபுவே

மேடையில் மாலை மணக்க வீற்றிருக்கும் செயற்பொறியாளர் பிபூதி தாஸ் அவர்களே, சங்கத் தலைவர் அவர்களே, வேலையை விட்டுவிட்டு வந்திருக்கும் கோடாமுண்டா கால்வாய்க் கோட்டத்து ஊழியத் தோழர்களே, ஓய்வு பெற்றும் உயிரோடு இருக்கும் பெரியவர்களே, முன்வரிசையில் அமர்ந்திருக்கும் பைராகி பாபுவின் மனைவி குந்தலா அண்ணி அவர்களே!

மேடை ஏறும்போது அண்ணி என் கையைப் பிடித்துக்கொண்டார்கள். "கணேஷ்வர், அந்த ஐயாவ ஒண்ணும் சொல்லிடாதப்பா. கையெழுத்து அவர்கிட்டதான் கெடக்கு. நல்லதா நாலு வார்த்தை பேசிட்டு எறங்கிடு" என்றார்கள். ஆகவே புகழ்கிறேன். செயற்பொறியாளர் ஐயா, இதோ இந்த மலர்வளையம் நீங்கள் கொண்டுவந்தது. சாமந்திக்கும் ரோஜாவுக்கும் ஆன செலவுச்சீட்டு காலையிலேயே என் மேசைக்கு வந்துவிட்டது. கையெழுத்து, தேதி, முத்திரை, எல்லாம் சுத்தம்! நம் அலுவலகத்தில் ஒரே நாளில் முடிந்த காகிதத்தை இன்றுதான் என் கண்ணால் பார்த்தேன்.

இன்று நாம் நினைவுக்கூட்டம் நடத்தும் தலைமை எழுத்தர் பைராகி சாகு யார்? ஓய்வூதியப் பிரிவில் நான் இப்போது தேய்த்துக்கொண்டிருக்கும் நாற்காலிக்கு உரியவர். மதகுக் காவலர் முதல் பொறியாளர் வரை, விடைபெறும் நாளன்று சால்வையோடு பணிக்கொடை ஆணையையும் கையில் கொடுத்து அனுப்பியவர். யாரிடமாவது ஒரு பான் வாங்கித் தின்றாரா? தின்றவர் இருந்தால் கை தூக்குங்கள்! ஒரு கையும் எழவில்லை.

அவர் செய்த தவறு ஒன்றே ஒன்று. எங்கள் பிரிவில் ஒரு வழக்கம் உண்டு. ஓய்வூதிய எழுத்தர் தன் காகிதத்தைத் தானே தொடமாட்டார். "என் பென்ஷன நானே எழுதினா எனக்கு நானே பிண்டம் வெச்ச மாதிரிடா" என்பார் பைராகி பாபு. அதனால் ஓய்வு பெறும்போது தன் காகிதக் கட்டை அப்படியே அதிகாரியின் மேசையில் கொண்டுபோய் வைத்தார். வைத்தார், தோழர்களே! நான்கு மழைக்காலம் அந்தக் கட்டு அங்கேயே கிடந்தது. மேலே தேநீர்க் கோப்பை வைத்த வட்டம் வட்டமாகக் கறை படிந்தது.

இடையில் அவருக்கு நெஞ்சில் அடைப்பு. கட்டக் நகரத்து மருத்துவர் அறுவைக்கு நாள் குறித்தார். பணம் கட்ட முடியாமல் அந்த நாள் போயிற்று. மறுபடி குறித்தார், அதுவும் போயிற்று. கடைசியில் பைராகி பாபு வழக்குப் போட்டார், வென்றார்! பணிக்கொடையைக் கொடு, தாமதத்திற்கு வட்டியும் கொடு, அந்த வட்டியைத் தாமதத்திற்குக் காரணமானவரிடம் பிடித்துக்கொள் என்றது நீதிமன்றம்.

காரணமானவர் யார்? ஐயா விசாரணை நடத்தினார். மேசை அவருடையது, விசாரணையும் அவருடையது. முடிவு என்ன தெரியுமா? ஓய்வூதியக் காகிதம் தயாரிப்பது ஓய்வூதிய எழுத்தரின் கடமை. அப்போது அந்த எழுத்தர் யார்? பைராகி சாகு. ஆகவே குற்றவாளி பைராகி சாகு! வட்டியைப் பைராகி சாகுவுக்குக் கொடுத்து, பைராகி சாகுவின் பணிக்கொடையிலிருந்தே கழித்துக்கொள்ள வேண்டும்!

அந்த முடிவை அவரிடம் கொண்டுபோய்க் கொடுத்தவன் நான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவர் சிரிக்கவில்லை. இரண்டு முறை படித்தார்.

"அப்போ எனக்கு நானே வட்டி கட்டணுமா, கணேஷ்வர்?"

"ஆமாம், பாபு."

"சரி, மிச்சமாவது எப்போ வரும்?"

"கழிக்கிற ஆணையில ஐயா கையெழுத்துப் போடணும், பாபு."

"போடுவாரா?" என்று கேட்டார். அந்த வாரமே அவர் போய்விட்டார். இவ்வளவு நல்ல மனிதனை இவ்வளவு மலிவாகக் கொன்றிருக்கிறோமே, வெட்கமாக இல்லையா நமக்கு?

என்ன ஐயா? "நேரமாச்சு, முடிங்க" என்கிறீர்களா? உங்களுக்குக்கூடத் தாமதம் பிடிக்காது என்று தெரிந்ததில் மகிழ்ச்சி. முடிக்கிறேன்.

அண்ணி இன்று வாடகை வீட்டில் இருக்கிறார்கள். காரியத்திற்கு வாங்கிய கடனுக்கு மாதம் தவறாமல் வட்டி கட்டுகிறார்கள். அந்த வட்டிக்கு விசாரணை கிடையாது. அவர்களுக்குச் சேர வேண்டியதைச் சேர்ப்பதுதான் பைராகி பாபுவின் வேலையைத் தொடர்வது. அதைச் செய்வோம் என்று இந்தக் கூட்டத்தின் சார்பில் உறுதி கூறுகிறேன்.

செய்யத் தொடங்கியும்விட்டேன். வரும் மார்ச்சில் ஐயா ஓய்வு பெறுகிறார். அவருடைய ஓய்வூதியக் கட்டு நேற்று என் மேசைக்கு வந்தது. அவர் மகளின் கல்யாணம் வைகாசியில். மண்டபத்திற்கு முன்பணம் கொடுத்தாயிற்று என்று கேள்வி. அண்ணியின் காகிதம் உங்கள் மேசையில், ஐயா. உங்கள் காகிதம் என் மேசையில். உங்களுடையதை நான் தொடவில்லை. அதைத் தயாரிக்கச் சொல்லி நீங்கள் எழுத்தில் எதுவும் கொடுக்கவில்லை. கொடுக்காவிட்டால் தாமதத்திற்குக் காரணம் யார்? விதி நீங்கள் கற்றுக்கொடுத்ததுதான்.

அண்ணி, அழாதீர்கள். மேடைக்கே ஏறி வந்து கையை இழுக்காதீர்கள், விடுங்கள்.

அண்ணியின் பணிக்கொடை ஆணையைக் கையோடு கொண்டுவந்திருக்கிறேன், ஐயா. வட்டியைக் கழிக்கும் வாக்கியத்தை நீக்கிவிட்டுப் புதிதாகத் தட்டச்சு செய்தது. வெளிக்கதவருகே மதகுக் காவலர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள், அவர்களுக்கு எந்த அவசரமும் இல்லை. இந்தாருங்கள், பேனா.