மேசைமேல் வைத்த பெயர்

— அந்தக் கேக்கை மேசைமேல வைக்காதே, லோயிக். முதல்ல இதுக்குப் பதில் சொல்லு. இந்தப் பேரு உனக்கு எங்கேருந்து கிடைச்சது?

— எந்தப் பேரு மேடம்?

— எந்தப் பேரா? உன் கட்டுரைல நீயே கொட்டை எழுத்துல போட்டிருக்கியே. தெத்திகோ.

— என் கட்டுரை உங்க கைக்கு எப்படி வந்துச்சு? இன்னும் அச்சுக்கே போகலையே.

— அந்த இதழோட ஆசிரியர் குழுவுல நான் எத்தனை காலமா உக்காந்திருக்கேன். பாரிஸ்ல கிரேக்கப் பேர்களைப் பத்தி எவன் எழுதினாலும் இந்த அறையைத் தாண்டித்தான் வெளிய போகும். தெரியாதா உனக்கு?

— தெரியும் மேடம். வந்து... சும்மா கேட்டேன்.

— நீ "வந்து"ன்னு இழுத்தாலே எதையோ முழுங்குறன்னு அர்த்தம். என்கிட்ட மாணவனா சேர்ந்த நாள்லேருந்து பார்க்கிறேன். கேக் எதுக்கு?

— அம்மா கேம்பேர்லேருந்து அனுப்பினாங்க. எங்க பிரெத்தான் ஊரு வெண்ணெய்க் கேக். உங்களுக்குப் பிடிக்கும்னு.

— உன் வேலையை முடிவு பண்ற கமிட்டி கூடுற வாரமாப் பார்த்து உங்கம்மாவுக்கு என் ஞாபகம் வந்திருக்கு.

— கிறிஸ்துமஸுக்கும்தான் அனுப்பினாங்க மேடம்.

— அப்பவும் எனக்குச் சந்தேகமாத்தான் இருந்தது. சரி, பேச்சை மாத்தாதே. போன மாசம் இதே மேசைமேல நாலு தாள் கிடந்தது. பழைய கிரேக்க நாடகத்துல வர்ற வேலைக்காரிகள், புல்லாங்குழல்காரிகளோட பேர்களைப் பத்தி நான் எழுதிட்டு இருக்கறது. அதுல ஒரு தாள்ல இந்தப் பேரு இருந்தது. இந்த அறைச் சாவி ரெண்டே பேர்கிட்டதான் இருக்கு. ஒண்ணு என்கிட்ட.

— சத்தியமா உங்க மேசையை நான் தொடல மேடம்.

— வேற எங்கயும் நீ பார்த்திருக்க முடியாது. அப்படி ஒரு பேரே உலகத்துல கிடையாது.

— கிடையாதா?

— கிடையாது. நான் உண்டாக்கினது. பாலத்துமேல பஸ் நின்னுட்டு இருந்தப்போ தோணுச்சு. சில்வண்டுக்குக் கிரேக்கத்துல இருக்கிற சொல்லை எடுத்து, ஒரு பொம்பளைப் பேராக்கினேன். வாயே மூடாத பொண்ணுக்கு வைக்கிற கேலிப் பேரு மாதிரி. எலிப்பொறியில வைக்கிற சீஸ் துண்டு அது.

— பொறியா? எனக்கா?

— மூணு வருஷத்துல ரெண்டு தடவை, நான் கண்டுபிடிச்சதெல்லாம் வேற ஆளுங்க பேர்ல அச்சாகி வருது. என் அறைக்குள்ள யாரு கையை நீட்டுறாங்கன்னு எனக்குத் தெரிய வேண்டாமா?

— நான்தான்னு முடிவே பண்ணிட்டீங்களா?

— இல்லை. வேற யாராவது மாட்டணும்னுதான் ஆசைப்பட்டேன். உன் கட்டுரையைப் பிரிச்சா, அதுல அந்தப் பேரு.

— மேடம், எனக்கு வயசு முப்பத்தேழு. நாளைக்குக் கமிட்டியில இந்தப் பல்கலைக்கழக வேலை கிடைக்கலைன்னா இனிமே எவனும் கூப்பிட மாட்டான். ஊருக்குப் போய் பள்ளிக்கூடத்துப் பசங்களுக்கு லத்தீன் சொல்லிக் கொடுத்தே காலம் போயிடும். நீங்கதான் தலைவர். நீங்க ஒரு வார்த்தை சொன்னா...

— கமிட்டி விஷயத்துக்கு அப்புறம் வரேன். உன் கட்டுரை என்ன சொல்லுது? என் வாழ்நாள் பூரா நான் சொன்னதுக்கு நேர் எதிரா. ஆளுங்களைச் சிரிக்க வைக்க நாடகக்காரன் உக்காந்து பேரை உண்டாக்கினான்னு நான் சொன்னேன். ஒருத்தனும் உண்டாக்கல, தெருவுல காதுல விழுந்ததைத்தான் எழுதினான்னு நீ சொல்ற. நல்ல வாதம்தான். ஆனா அதுக்கு உன்கிட்ட இருக்கிற பலமான சாட்சி, கல்லறைக் கல்லுல பேரு வெட்டியிருக்கிற ஒரே ஒருத்தி. அவளும் என் பஸ்ஸுல பிறந்தவ.

— கல்லு இருக்கு மேடம்.

— எங்க இருக்கு? எந்த ஊரு, எந்தச் சுவர்ல பதிச்சிருக்கு? ஒரு வரி இல்லையே. "வெளிவராத தாள் அச்சு ஒன்றிலிருந்து"ன்னு மொட்டையா விட்டிருக்க. இது நான் உனக்குச் சொல்லிக் கொடுத்த வழக்கமா?

— இல்லை.

— அப்ப ஏன் மறைச்ச?

— வந்து... சொன்னா நீங்க கோவிச்சுக்குவீங்க.

— இதுக்கு மேலயா?

— கீழறையில சாரோட பெட்டிகள் இருக்குல்ல. அதுலேருந்து எடுத்தேன்.

— என் புருஷன் ஜெரோமோட பெட்டியா? நான் கயிறு கட்டி, யாரும் தொடக்கூடாதுன்னு எழுதி ஒட்டின பெட்டியா?

— கயித்தை நான்தான் அறுத்தேன். கீழறைச் சுவர்ல தண்ணி கசியுது மேடம். அடிப்பெட்டி ஊறிப் போயிருந்தது. தாள் அச்சு நனைஞ்சா எழுத்தெல்லாம் அமுங்கி வெறுந்தாளாயிடும், உங்களுக்குத் தெரியாததா? கல்லுமேல ஈரத்தாளைப் போட்டு, மனுஷன் வெயில்ல நின்னு தூரிகையால தட்டித் தட்டி எடுத்தது. பாதிக் கல்லு இன்னிக்கு அங்கே இல்லவும் இல்லை. கேட்டா வேண்டாம்பீங்க. அதான் கேக்காம எடுத்துக் காய வச்சேன்.

— என்கிட்ட சொல்லல.

— சார் செத்ததுலேருந்து அவர் பேரை எடுத்தாலே நீங்க எழுந்து போயிடுறீங்க. கமிட்டி முடியட்டும், அப்புறம் சொல்லிக்கலாம்னு இருந்தேன்.

— கதை நல்லாத்தான் இருக்கு. செத்தவரா எழுந்து வந்து இல்லைன்னு சொல்லப் போறாரு?

— பையில கொண்டாந்திருக்கேன். பார்க்கிறீங்களா?

— கதவைச் சாத்து. திரையை இழு. விளக்கை அப்படி இல்லை, பக்கவாட்டுல சாய்ச்சுப் பிடி. நேரா அடிச்சா ஒண்ணும் தெரியாது. இத்தனை வருஷம் என்கிட்ட என்ன படிச்ச?

— இப்ப தெரியுதா?

— தெரியுது. மூலை கிழிஞ்சிருக்கு. ஜெரோம் தட்டினதுதான். ஓரம் வந்தா மனுஷனுக்கு அவசரம் வந்துடும். எத்தனை தடவை சொல்லியிருக்கேன்.

— படிங்க மேடம்.

— தெத்திகோ. கீழே அப்பன் பேரு பாதி போயிருக்கு. இல்லை, இதை நீ செஞ்சிருக்க.

— நானா? தாள் அச்சு செய்யணும்னா அதுக்கு முன்னாடி நான் ஒரு கல்லை வெட்டணும். எனக்குச் சுவர்ல ஆணி அடிக்கவே வராதுன்னு நீங்கதான் ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பீங்க.

— பஸ்ஸுல தோணுச்சு லோயிக். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. பால்ல சர்க்கரை கரையற மாதிரி அவ்வளவு லேசா வந்துச்சு.

— ஓரத்துல பென்சில்ல எழுதியிருக்கு பாருங்க.

— இரு, கண்ணாடி... கிரீஸ், தேஸ்பியாய் ஊரு, மாதா கோயில் பின்சுவர். இது ஜெரோம் கையெழுத்து இல்லை.

— இல்லை. நீங்க திருத்தின என் ஆய்வேடு பூரா சிவப்பு மையில இதே கையெழுத்துதான். எனக்குத் தெரியாதா? யாரோடதுன்னு பார்த்ததும் தெரிஞ்சுது. அதனாலயும்தான் சொல்லத் தயங்கினேன்.

— அதுக்குக் கீழே என்ன? எனக்குக் கண்ணு கலங்கலா இருக்கு. நீ படி.

— படிக்கணுமா மேடம்?

— படின்னு சொன்னேன்.

— "பெண் பிறந்தால் இந்தப் பெயர்தான், ஜெரோம். சிரிக்காதே."

— அவரு சிரிச்சாரு. கையில தூரிகையோட அந்த வெயில்ல குந்தி உக்காந்து சிரிச்சாரு. சில்வண்டு எங்க பார்த்தாலும் கத்திட்டு இருந்தது. அப்போ நான் முழுகாம இருந்தேன்.

— எனக்குத் தெரியாது மேடம்.

— யாருக்குமே தெரியாது. பாரிஸ் திரும்பின கொஞ்ச நாள்லயே அது தங்காம போயிடுச்சு. அதுக்கப்புறம் ரெண்டு பேருமே இந்தப் பேரை வாயால சொன்னதில்லை. மறந்துட்டேன்கிறதே எனக்குத் தெரியாம மறந்திருக்கேன் பாரு. என் குழந்தைக்கு வச்ச பேரை எடுத்து எலிப்பொறியில வச்சிருக்கேன்.

— தண்ணி குடிங்க.

— அப்படின்னா போன ரெண்டு தடவையும்? அவங்க திருடினாங்களா, இல்லை நானே எங்கயாவது விருந்துல உளறிட்டு மறந்தேனா?

— அது எனக்குத் தெரியல மேடம்.

— எனக்கும் தெரியல. உன் வாதம் ஜெயிச்சிடுச்சு லோயிக். நானும் உண்டாக்கல. காதுல விழுந்ததைத்தான் எழுதியிருக்கேன்.

— அப்ப நாளைக்குக் கமிட்டியில இதைச் சொல்வீங்கல்ல? கயித்தை அறுத்தது தப்புதான், ஒத்துக்கறேன். ஆனா நான் திருடலைன்னு நீங்களே அவங்களுக்குச் சொல்லிட்டீங்கன்னா போதும்.

— உக்காரு.

— பரவாயில்லை மேடம், நிக்கிறேன்.

— உக்காருன்னு சொன்னேன். நாளைக்குக் கூட வேண்டிய கமிட்டியை நான் இன்னிக்குக் காலையிலயே கூட்டிட்டேன். உன் பேரு வந்தப்போ, இவன் திருடன்னு நான்தான் சொன்னேன். ஒருத்தர்கூட ஆதாரம் கேக்கல, லோயிக். எல்லாரும் என்னை நம்பிட்டாங்க.